பழி வால்வு மேல்

புகை கக்குகிற பழைய டீசல் காரோடு பட்டறைக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் தீர்ப்பையும் கையோடு கொண்டுவந்துவிடுகிறார்கள். "ஈஜிஆர் போயிருச்சுங்க, அடைச்சு உட்ருங்க." யாராவது சொல்லியிருப்பார்கள், இல்லையென்றால் செல்போனில் வீடியோ பார்த்திருப்பார்கள். கோவையில் மேட்டுப்பாளையம் சாலையை ஒட்டிப் பட்டறை வைத்திருக்கும் எனக்கு இது பழகிப்போன பேச்சு. நான் வாதாடுவதில்லை. பானெட்டைத் திறக்கச் சொல்வேன். பார்த்தால் ஈஜிஆர் வால்வு கரி பிடித்துத்தான் இருக்கும். ஆனால் அந்தக் கரி எங்கிருந்து வந்தது என்று அதுவரை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

ஈஜிஆர் வேலை செய்யும் விதத்தைச் சொன்னால் முதலில் கிறுக்குத்தனமாகத்தான் தெரியும். வெளியே போகவேண்டிய எரிந்த வாயுவில் ஒரு பங்கை எடுத்து, திரும்பவும் என்ஜினுக்குள்ளேயே விடுகிறது. நல்ல காற்றில் அழுக்கைக் கலப்பது எதற்கு? சூட்டைக் குறைக்க. எரிந்த வாயுவில் ஆக்சிஜன் குறைவு. கரியமில வாயுவும் நீராவியும் சூட்டை வாங்கிக்கொள்ளும். அதனால் சிலிண்டருக்குள் எரியும்போது எட்டும் உச்ச வெப்பம் தாழ்கிறது. அந்த உச்சம் ஏறத்தாழ 1,400 டிகிரி செல்சியஸைத் தாண்டினால் காற்றிலுள்ள நைட்ரஜனும் ஆக்சிஜனும் வேகமாகச் சேர்ந்து நைட்ரஜன் ஆக்சைடுகள் உருவாகும். நுரையீரலைக் கெடுக்கும் நச்சு அது. அமெரிக்க பெட்ரோல் கார்களில் இந்த ஏற்பாடு 1970களின் தொடக்கத்திலேயே வந்துவிட்டது. நம் டீசல் கார்களில் பிஎஸ் (பாரத் ஸ்டேஜ்) மாசு விதிகள் இறுக இறுகப் பரவியது.

இங்கே ஒரு சிக்கல் உண்டு. பிஎஸ் 4 விதி 2010 ஏப்ரலில் சென்னை முதலான சில நகரங்களுக்கு மட்டும் வந்தது. நாடு முழுவதற்கும் வந்தது 2017 ஏப்ரலில். ஆகவே ஒரே ஆண்டு, ஒரே மாடல் வண்டி சென்னைப் பதிவென்றால் பிஎஸ் 4 ஆகவும், எங்கள் பக்கத்துப் பதிவென்றால் பிஎஸ் 3 ஆகவும் இருக்கலாம். ஒன்றில் வேக்குவத்தால் திறக்கும் வால்வும் மற்றதில் மோட்டாரால் திறக்கும் வால்வும் இருக்கலாம். ஆர்.சி. புக்கைப் பார்க்காமல் சென்னைப் புதுப்பேட்டையில் பழைய வால்வு வாங்கி வந்து, போல்ட் ஓட்டைகூடச் சேராமல் நிற்கிறவர்கள் உண்டு.

ஸ்கேனர் காட்டும் கோடுகளுக்கு வருவோம். பி0401 என்றால் வரவேண்டிய அளவு புகை திரும்பி வரவில்லை. பி0402 என்றால் அளவுக்கு மீறி வருகிறது. பி0403 மின்சுற்று சம்பந்தப்பட்டது. பி0404 வந்தால் வால்வு போகவேண்டிய இடத்துக்குப் போகவில்லை என்று பொருள். இதையெல்லாம் மனப்பாடம் செய்வது பெரிய காரியமில்லை. பி0401 எப்படி முடிவாகிறது என்பதுதான் காரியம். பிஎஸ் 3, பிஎஸ் 4 காலத்துப் பல டீசல்களில், திரும்பி வரும் புகையை நேரடியாக அளக்க ஒரு சென்சாரும் கிடையாது. ஏர் ஃபில்டருக்குப் பின்னால் இருக்கும் ஏர்ஃப்ளோ சென்சார் புதுக்காற்றை மட்டும் அளக்கும். வால்வு திறந்து புகை உள்ளே வந்தால் அந்த அளவுக்குப் புதுக்காற்று குறையவேண்டும். குறையவில்லையென்றால் புகை வரவில்லை என்று கம்ப்யூட்டர் தானாக முடிவு கட்டுகிறது. கணக்கு சரிதான், நடுவில் யாரும் காற்றைத் திருடாதவரை.

மேட்டுப்பாளையம் காய்கறி மண்டிக்காரர் ஒருவரின் 1.3 லிட்டர் டீசல் இதற்கு நல்ல உதாரணம். மேட்டில் ஏறும்போது கறுப்புப் புகை, இழுவை இல்லை, செக் என்ஜின் விளக்கு. வேறொரு இடத்தில் வால்வைக் கழற்றிச் சுத்தம் செய்திருக்கிறார்கள். கொஞ்ச நாளில் அதே கதை. ஸ்கேனரில் பி0401.

கறுப்புப் புகையும் பி0401 கோடும் ஒன்றாக வருவதே எனக்கு உறுத்தியது. புகை போதுமான அளவு திரும்பவில்லை என்று கோடு சொல்கிறது. அப்படியானால் என்ஜினுக்கு நல்ல காற்று தாராளமாகக் கிடைக்கவேண்டும், கறுப்புப் புகையே வரக்கூடாது. கறுப்புப் புகையோ டீசலுக்கு ஏற்ற காற்று உள்ளே போகவில்லை என்கிறது. ஒன்று காற்று கூடுதல் என்கிறது, மற்றது குறைவு என்கிறது. இரண்டும் உண்மையாக இருக்க ஒரே ஒரு வழிதான் உண்டு. சென்சார் அளந்த காற்று சிலிண்டருக்குப் போய்ச் சேரவில்லை.

வண்டியை ஆஃப் செய்யாமல் எண்களைப் பார்த்தேன். 1.3 லிட்டர், நாலு சிலிண்டர் என்றால் ஒரு சிலிண்டருக்கு 310 சிசி சொச்சம். ஒரு லிட்டர் காற்றின் எடை ஒரு கிராமுக்குச் சற்று மேல். டர்போ அழுத்தம் கொடுக்காத ஐட்லிங்கில் வால்வு முழுசாக மூடியிருந்தால், ஒரு ஸ்ட்ரோக்குக்கு 350 மில்லிகிராம் வாக்கில் போகலாம், அதற்கு மேல் போக வழியில்லை. இந்தக் கணக்கைப் பட்டறைப் பையன்களுக்கு முதலிலேயே சொல்லிக்கொடுத்துவிடுவேன். எந்த மேனுவலும் வேண்டாம், என்ஜின் அளவு தெரிந்தால் போதும். சென்சார் இதைவிட அதிகம் காட்டினால் சென்சார் பொய் சொல்கிறது. மிகவும் குறைவாகக் காட்டினால் வால்வு திறந்தே கிடக்கலாம். ஊட்டி வண்டியை ஊட்டியிலேயே பார்ப்பதாக இருந்தால் இன்னொரு திருத்தமும் வேண்டும். 2,240 மீட்டர் உயரத்தில் காற்றின் அடர்த்தி ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைந்துவிடும்.

மண்டிக்காரர் வண்டியில் ஐட்லிங் எண் ஒழுங்காக இருந்தது. வால்வைத் திறக்கச் சொன்னால் எண் இறங்கியது, மூடினால் ஏறியது. வால்வும் வழியும் சரி, சென்சாரும் சரி. ரோட்டில் ஓட்டிப் பார்த்தபோதுதான் விஷயம் வெளியே வந்தது. டர்போ கொஞ்சம் அழுத்தம் கொடுக்க ஆரம்பித்ததும் காற்றின் எண் எதிர்பார்ப்பைத் தாண்டி ஏறியது. கம்ப்யூட்டர் அதைக் குறைக்க வால்வை மேலும் மேலும் திறந்துகொண்டே போனது.

திரும்பி வந்து இன்டர்கூலர் ஹோஸின் அடிப்பக்கத்தைத் தடவினேன். கையில் எண்ணெய். டர்போவுக்குப் பின்னால் வரும் குழாய்களில் என்ஜின் மூச்சுவிடும் எண்ணெய்ப் புகை லேசாகப் படிவது சகஜம். ஆனால் உள்ளே இருக்கவேண்டிய எண்ணெய் வெளியே வந்தால் காற்றும் கூடவே வருகிறது என்று அர்த்தம். பிவிசி மூடியில் டயர் வால்வு ஒன்றைப் பொருத்திப் பட்டறையிலேயே செய்து வைத்திருக்கும் அடைப்பானைக் குழாய் வாயில் மாட்டி, ஒரு பாரைத் தாண்டாமல் காற்று ஏற்றி, சோப்புத் தண்ணீர் அடித்தோம். மடிப்புக்குள் ஒளிந்திருந்த கீறல் நுரைத்தது. நிற்கும்போது உதடு மூடிக்கொள்ளும், அழுத்தம் வந்தால் திறக்கும் வகைக் கீறல். கண்ணால் பார்த்தால் தெரியாது.

இப்போது எல்லாம் ஒரே கோட்டில் சேர்கிறது. அளந்த காற்றில் ஒரு பங்கு கீறல் வழியே போய்விடுகிறது. அளந்த காற்றை நம்பி கம்ப்யூட்டர் டீசல் ஊற்றுகிறது. காற்று போதாமல் கரி உண்டாகிறது. சென்சாரில் காற்று அதிகமாகத் தெரிவதால், புகை திரும்பவில்லை என்று நினைத்து வால்வையும் அகலத் திறக்கிறது. கரி பிடித்த புகை இன்னும் அதிகமாக உள்ளே வருகிறது. பிறகு வால்வில் கரி என்று வால்வைத் திட்டுகிறோம். ஹோஸை மாற்றாமல் வால்வை எத்தனை முறை கழுவினாலும் அது திரும்பக் கறுக்கத்தான் செய்யும்.

எல்லா வண்டியும் இப்படி இருந்துவிடாது. வால்வே சிக்கிக்கொள்வதும் உண்டு. திறந்தபடி சிக்கினால் புகை, நடுக்கம், பிக்கப் இல்லாமை. மூடியபடி சிக்கினால் டீசலில் ஓட்டுபவருக்கு ஒன்றுமே தெரியாமல் போகலாம், விளக்கு மட்டும் எரியும். பழைய பெட்ரோல் வண்டியானால் ஏற்றத்தில் என்ஜின் தட்டும். வேக்குவ வகையில் கை பம்ப்பைப் போட்டு இழுத்துப் பார்ப்பேன். முள் இறங்கினால் டயஃப்ரம் கிழிந்திருக்கிறது. பெட்ரோல் வண்டி ஐட்லிங்கில் இருக்கும்போது இப்படி இழுத்தால் என்ஜின் தடுமாறவேண்டும் அல்லது நின்றுவிடவேண்டும். அசையாமல் ஓடினால் வழி அடைத்திருக்கிறது. இதற்கெல்லாம் முன்னால், டார்ச் அடித்து எலி கடித்த ஹோஸ் இருக்கிறதா என்று பார்த்துவிடுவது நல்லது. தோட்டத்து வீட்டில் நிற்கும் வண்டி என்றால் முதல் சந்தேகம் எலி மேல்தான்.

ரேடியேட்டரில் தண்ணீர் குறைந்துகொண்டே வந்து வெளியே எங்கும் ஒழுகல் இல்லையென்றால் திரும்பி வரும் புகையை அந்தத் தண்ணீரால் ஆற்றும் ஈஜிஆர் கூலரைச் சந்தேகிக்கவேண்டும். ஹெட் கேஸ்கெட் என்று அவசரப்பட்டு ஹெட்டைத் தூக்குவதற்கு முன், கூலரை மட்டும் கழற்றி அழுத்தம் கொடுத்துப் பார்ப்பது அரை நாள் வேலைதான்.

சுத்தம் செய்வதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் நல்ல வால்வுகள் சாவது பெரும்பாலும் அப்போதுதான். புகைக்கரி மட்டும் என்றால் தூளாக உதிர்ந்துவிடும். எண்ணெய்ப் புகையோடு சேரும்போதுதான் மேனிஃபோல்டுக்குள் கருப்பட்டிப் பாகு ஊற்றி ஆறவைத்த மாதிரி இறுகுகிறது. அதைப் பார்த்ததும் ஸ்குரூடிரைவரால் நெம்பத் தோன்றும். கூடாது. மோட்டார் வகை வால்வில் உள்ளே இருக்கும் சின்னப் பல்சக்கரங்கள் பலவற்றில் பிளாஸ்டிக். ஒரு பல் உடைந்தால் வால்வே குப்பை. கார்புரேட்டர் கிளீனர் அடித்து ஊறவிட்டு, மூங்கில் குச்சியாலோ பித்தளை பிரஷ்ஷாலோ பொறுமையாக எடுக்கவேண்டும். மோட்டார் இருக்கும் தலைப்பக்கம் எப்போதும் மேலே இருக்கட்டும், கெமிக்கல் அங்கே இறங்கினால் கனெக்டரைத் தின்றுவிடும். மேனிஃபோல்டைக் கழற்றிய பிறகு ஹெட்டின் வாய்களைத் துணியால் அடைத்து, எத்தனை துணி வைத்தோம் என்று சுவரில் சாக்பீஸால் எழுதிவிடுவது எங்கள் பட்டறை வழக்கம். என்ஜினை ஓடவிட்டு வாய்க்குள் ஸ்பிரே அடிக்கும் குறுக்குவழியை டீசலில் நான் அனுமதிப்பதில்லை. அது எரிபொருள்தான். சாவியைத் திருப்பினாலும் நிற்காமல் என்ஜின் வெறிபிடித்து ஓடிவிடும்.

துருப்பிடித்த போல்ட்டை ஒரு நூலளவு இறுக்கிவிட்டுப் பிறகு தளர்த்தினால் பல நேரம் கழுத்து முறியாமல் வரும். கேஸ்கெட்டைத் தாள் ஷீட்டில் வெட்டிப் போடாதீர்கள், புகைச் சூட்டில் ஒரு மாதம் தாங்காது. மாட்டி முடித்ததும் ஸ்கேனரில் வால்வின் மூடிய நிலையைப் பழக்கிவிடவேண்டும். இல்லையென்றால் சுத்தமான வால்வு பழைய கரியின் கனத்தையே மூடிய இடமாக நினைத்துக்கொண்டிருக்கும். பையன்களுக்கு முகமூடியும் கையுறையும் கட்டாயம். டீசல் புகை புற்றுநோய் உண்டாக்கும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2012இல் உறுதியாக வகைப்படுத்திவிட்டது. நான் தொழில் பழகிய நாளில் கரிக் கையோடுதான் டீ குடிப்போம்.

அடைத்துவிடச் சொல்பவர்களிடம் நான் என்ன சொல்கிறேன்? அடைத்தால் பிக்கப் வருகிறது, புகை குறைகிறது என்று அவர்கள் சொல்வது பொய்யில்லை. புகைச் சான்றிதழ் சோதனையில்கூட வண்டி இன்னும் நன்றாகத் தேறும். டீசலுக்கு அந்தச் சோதனை ஆக்சிலேட்டரை மிதிக்கச் சொல்லி புகையின் அடர்த்தியை மட்டும்தான் அளக்கிறது. பிஎஸ் 4 வண்டிக்குக் கே மதிப்பு 1.62, அதற்கு முந்தையதற்கு 2.45. நைட்ரஜன் ஆக்சைடை அங்கே யாரும் அளப்பதில்லை, கண்ணுக்கும் அது தெரியாது. அதைக் குறைக்கப் போட்ட கருவியைச் சாகடித்துவிட்டு, சோதனையில் முன்னைவிட நல்ல மதிப்பெண் வாங்கலாம். தயாரிப்பாளர் கொடுத்த அமைப்பை இப்படி மாற்றுவதை 1988 மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு தடுக்கிறது, ஆனால் வழியை அடைக்கக் கேஸ்கெட்டுக்குள் வைத்த தகட்டை எந்த அதிகாரி கழற்றிப் பார்க்கப்போகிறார்? நான் செய்வதில்லை. அதனால் சில வாடிக்கையாளர்கள் அடுத்த தெருவுக்குப் போய்விடுகிறார்கள். போகட்டும்.

ஒரு விஷயம் மட்டும் அவர்களுக்குச் சொல்லி அனுப்புவேன். மலை ஏறி இறங்கும் வண்டிகளின் வால்வுகள் சுத்தமாக இருக்கின்றன. பள்ளிக்கூட வாசலில் ஏசி போட்டு நிற்கும் வண்டிகளின் வால்வுகள்தான் கறுத்துப்போகின்றன. முழு ஆக்சிலேட்டரில் ஈஜிஆர் மூடிக்கொள்ளும், ஐட்லிங்கிலும் மெதுவோட்டத்திலும்தான் திறந்திருக்கும். வாரத்துக்கு ஒருமுறை அவிநாசி பக்கம் நாலாவது கியரில் கொஞ்சம் இழுத்து ஓட்டிவிட்டு வாருங்கள் என்பேன்.

பழைய டீசல் கார் வாங்குகிறவர்கள் ஈஜிஆர் குழாயின் போல்ட் தலைகளைப் பார்த்துவிடுங்கள். சுற்றியிருப்பதெல்லாம் துருப்பிடித்திருக்க அவை மட்டும் பளபளத்தால் உள்ளே தகடு இருக்க வாய்ப்பு அதிகம். விற்றவரிடம் சண்டை போட்டுப் பயனில்லை. தகட்டை எடுத்துவிட்டு ஓட்டிப் பாருங்கள். எந்தக் கோளாறுக்காக அதை அடைத்தார்களோ அது அப்படியே இருக்கும். இன்டர்கூலர் ஹோஸிலிருந்து தேட ஆரம்பிக்கலாம்.