யெஷில்கோயில் தொலைந்த படச்சுருள்



இஸ்தான்பூலுக்குச் செல்பவர்கள் பெரும் பள்ளிவாசல்களையும் மாளிகைகளையுமே தேடிப் போவார்கள. நாம் இன்று மர்மரா கடலோரமாக ரயிலேறி, யெஷில்கோய் வரை சென்று வருவோமா? ‘பச்சைக் கிராமம்’ என்பது அப்பெயரின் பொருள். 2019 வரை அந்நகரின் பிரதான விமான நிலையம் இதனருகில்தான் இருந்தது.

இவ்வூரின் பழைய பெயர் அயஸ்தெபனோஸ். 1877–78 யுத்தத்தில் ரஷ்யப் படை இங்குவரை வந்துவிட்டது. 1878 மார்ச் 3ஆம் திகதி உஸ்மானியர் இங்கேதான் உடன்படிக்கையில் ஒப்பமிட்டனர். பின்னர் ரஷ்யர் இங்கு ஒரு நினைவுச்சின்னத்தை எழுப்பி, 1898இல் திறந்து வைத்தனர். தோற்றவர் கண்முன்னே வென்றவரின் கோபுரம்!

முதலாம் உலகப் போரில் ரஷ்யா மீண்டும் எதிரியானது. 1914 நவம்பர் 14ஆம் திகதி அந்தக் கோபுரம் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. அக்காட்சியைப் படமாக்கியவர் புவாத் உஸ்கினாய் என்பர். 1888இல் பிறந்த இவர், பாடசாலையொன்றில் பணியாற்றியபடி மாணவர்களுக்குப் படம் காட்டி வந்தவர். பிறர் எடுத்த படங்களைத் திரையில் ஓட்டியவரின் கைக்கு அன்று கெமரா வந்தது.

ஆனால் சகோதரிகளே, அப்படத்தின் பிரதி எங்கும் இல்லை. அது எடுக்கப்பட்டதா என்றே சில ஆய்வாளர்கள் ஐயுறுகின்றனர். அதற்கு முன்பே, 1911இல், சுல்தான் ரஷாதின் மனாஸ்திர் விஜயத்தை மனாகி சகோதரர்கள் படம் பிடித்திருந்தனர். அந்தச் சுருள் இன்றும் உண்டு. ஆயினும் துருக்கியர் தம் சினிமாவின் பிறந்த நாளாக நவம்பர் 14ஐயே கொண்டாடுகின்றனர்.

உஸ்கினாயின் பணி அத்துடன் நிற்கவில்லை. 1915இல் இராணுவம் திரைப்படப் பிரிவை அமைத்தது. அதன் தலைவர் வைன்பெர்க் ருமேனியப் பிரஜை. 1916இல் ருமேனியா எதிரணியில் சேர்ந்ததும் அவர் விலக்கப்பட, பொறுப்பு உஸ்கினாயிடம் வந்தது. 1919இல் வெளியான ‘முரப்பியே’ என்ற கதைப்படத்துக்கும் இவரே ஒளிப்பதிவாளர். 1956இல் காலமானார்.

இன்று யெஷில்கோயில் அக்கோபுரமும் இல்லை, அதன் வீழ்ச்சியைக் காட்டும் சுருளும் இல்லை. எடுத்து வைப்பது பாதி வேலைதான்; பேணிக் காப்பதே மறுபாதி. உங்கள் வீட்டு அலுமாரியில் உம்மும்மாவின் பழைய படம் ஒன்று கிடக்குமே! அதன் பின்புறம் பெயரையும் ஆண்டையும் இன்றே எழுதி வையுங்கள். நாளை உங்கள் பேரப்பிள்ளைகள் ‘இது யார்?’ என்று கேட்கும்போது பதில் சொல்ல அந்த எழுத்தாவது இருக்கட்டும்.