பொன்முடி: கடலை விழுங்கிய மலை

திருவனந்தபுரம் தம்பானூரிலிருந்து கிளம்பும் அரசுப் பேருந்து நெடுமங்காடு, விதுரா தாண்டிக் கல்லாற்றை அடையும்போது சமவெளி முடிந்துவிடுகிறது. வனத்துறைச் சோதனைச் சாவடியைக் கடந்தால் 22 கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொன்றுக்கும் எண் எழுதிய பலகை. தலைநகரிலிருந்து 60 கிலோமீட்டருக்குள் சுமார் 1,100 மீட்டர் உயரம் ஏறிவிடலாம் என்பதால் விடுமுறை நாட்களில் நாகர்கோவில், திருநெல்வேலி வேன்களும் இங்கே வரிசை கட்டுகின்றன. வருகிறவர்கள் பனிமூட்டத்தில் நின்று படம் எடுக்கிறார்கள், தேநீர் குடிக்கிறார்கள், மழை வந்தால் ஓடுகிறார்கள். சாய்ந்து நின்ற பாறையைத் திரும்பிப் பார்ப்பவர்கள் குறைவு.

மலைத் தெய்வங்கள் பொன்னை ஒளித்துவைத்துக் காவல் காத்ததால் பொன்முடி என்று பெயர் வந்ததாக மலைவாழ் மக்களிடையே ஒரு கதை உண்டு. பாறையில் மின்னுவதென்னவோ காக்காப்பொன்தான். ஆனால் இந்தக் காக்காப்பொன்னுக்காகவே வெளிநாட்டு ஆய்வாளர்கள் பொன்முடியைத் தேடி வந்தார்கள்.

1985இல் பிரிட்டனின் 'நேச்சர்' இதழில் ரவீந்திர குமார், ஸ்ரீகண்டப்பா, ஹான்சன் ஆகிய மூவர் எழுதிய கட்டுரையின் தலைப்பிலேயே பொன்முடி இருந்தது. இங்குள்ள கல்குவாரி ஒன்றின் வெட்டு முகத்தில் வெளிறிய வரிப்பாறை; அதன் ஊடே கரும்பச்சைத் திட்டுகளும் பட்டைகளும், வெள்ளை வேட்டியில் எண்ணெய் ஊறியதுபோல. வெளிறிய பாறையில் காக்காப்பொன் இருக்கிறது. அதன் படிகத்துக்குள் நீர் அடைபட்டிருக்கிறது. கரும்பச்சைத் திட்டில் அது பெரும்பாலும் மறைந்து, நீரற்ற ஹைப்பர்ஸ்தீன் என்ற கனிமம் உட்கார்ந்திருக்கிறது. பூமியின் ஆழத்தில், 700 டிகிரி செல்ஷியசைத் தாண்டிய வெப்பத்தில், விரிசல்கள் வழியே கரியமிலவாயு நிறைந்த பாய்மம் ஊடுருவி நீரை வெளியேற்றியது என்பது அவர்கள் தந்த விளக்கம். அந்த வாயு எங்கிருந்து வந்தது என்பதில் விஞ்ஞானிகளிடையே சண்டை ஓய்ந்தபாடில்லை. மேலோட்டுக்கும் கீழேயிருந்து என்பது ஒரு கட்சி. பாறையிலேயே இருந்த கிராஃபைட்டிலிருந்து என்பது இன்னொரு கட்சி. ஒரு பாறை இன்னொன்றாக மாறிக்கொண்டிருக்கும்போதே உறைந்துபோன காட்சி உலகில் அபூர்வம். அது கிடைத்த இடம் என்பதால் பொன்முடி பாடப்புத்தகங்களில் ஏறியது.

அந்தக் கரும்பச்சைப் பாறையின் பெயர் சார்னோகைட். அதற்கும் சென்னைக்கும் உறவு உண்டு. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஜாப் சார்னாக் கல்கத்தாவில் இறந்தபோது கல்லறைக்கு வைத்த கல், சென்னை பரங்கிமலை-பல்லாவரம் வட்டாரத்துப் பாறை. இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையின் தாமஸ் ஹாலண்ட் 1893இல் கல்லறைக் கல்லை ஆராய்ந்து, அதில் உறங்குபவர் பெயரையே பாறைக்கு வைத்தார். சார்னாக் கல்கத்தாவின் நிறுவனர் அல்ல என்று கல்கத்தா உயர் நீதிமன்றம் 2003இல் சொல்லிவிட்டது. பாறையின் பெயரை எந்த நீதிமன்றமும் தொடவில்லை. பொன்முடியின் கூட்டாளிப் பாறையான கோண்டலைட்டுக்கு ஒரிசா மலைகளின் கோண்டு பழங்குடியினர் பெயர்.

கோண்டலைட்டின் பூர்வீகம் சுவாரசியமானது. அது கடலடிச் சேறு. பொன்முடி வட்டாரத்தில் இன்று மலையாக நிற்பதில் பெரும்பங்கு, ஒரு காலத்தில் கடலுக்கடியில் படிந்த களிமண்ணும் மணலும்தான். ஆப்பிரிக்கத் துண்டுகள் ஒரு பக்கம், இந்தியா, அண்டார்க்டிகா முதலிய துண்டுகள் மறுபக்கம் என்று இருந்த நிலப்பரப்புகள் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் மோதிக்கொண்டபோது நடுவிலிருந்த கடல் மூடியது. சேறு பல கிலோமீட்டர் ஆழத்துக்குப் போய் வெந்தது. செந்நிறக் கார்னெட்டும் கிராஃபைட்டும் முளைத்தன. மேலேயிருந்த மலைத்தொடர் கோடிக்கணக்கான ஆண்டுகள் தேய்ந்த பிறகு, அடியிலிருந்த இந்தப் பாறை வெளியே வந்தது. அடிவாரத்தில் வெள்ளநாடு பகுதியில் கிராஃபைட் எடுக்கப்பட்டதும், திருவனந்தபுரம் மாவட்டத்தில் வைடூரியம் கிடைப்பதும் அந்த வெந்த காலத்தின் மிச்சம்தான். இதே வகைப் பாறைகள் இலங்கையின் மத்திய மலைகளிலும் மடகாஸ்கரின் தெற்கிலும் கிழக்கு அண்டார்க்டிகாவின் பனிக்கு வெளியே தலைகாட்டும் இடங்களிலும் உள்ளன. கண்டி ரத்தினக் கடைக்காரரும் மடகாஸ்கர் சுரங்கக்காரரும் ஒரே சமையலில் வெந்ததைத்தான் விற்கிறார்கள்.

அப்படி ஒட்டியிருந்த பெருங்கண்டத்துக்குக் கோண்டுவானா என்று பெயர். மத்திய இந்தியாவின் கோண்டு மக்களுடைய காட்டின் பெயரில் முதலில் நிலக்கரிப் படிவங்களைக் குறித்தார்கள். 1885இல் ஆஸ்திரிய அறிஞர் எட்வர்ட் சூயஸ் அதைக் கண்டத்துக்கு வைத்தார். சுமார் 18 கோடி ஆண்டுகளுக்கு முன் அது விரிசல் விட ஆரம்பித்தது. மடகாஸ்கர் இந்தியாவை விட்டுப் பிரிந்தது சுமார் 9 கோடி ஆண்டுகளுக்கு முன். உடுப்பிக்கு அருகே மால்பே கடலில் செயிண்ட் மேரீஸ் தீவுகளின் எரிமலைத் தூண்கள் அந்தப் பிரிவின் தழும்பு. பிறகு இந்தியா ஆண்டுக்கு 15 சென்டிமீட்டருக்கும் மேலான வேகத்தில் வடக்கே ஓடி, சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவில் இடித்தது. பாறைகள் பிரிந்ததுபோல உயிர்களும் பிரிந்தன. 2003இல் அறிவியல் உலகுக்கு அறிமுகமான மேற்குத் தொடர்ச்சி மலையின் ஊதாத் தவளைக்கு நெருங்கிய சொந்தக்காரத் தவளைகள் இருப்பது செய்ஷல்ஸ் தீவுகளில்.

இந்த இடத்தில் தமிழ் வாசகர் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: அப்படியானால் குமரிக் கண்டம்? பொன்முடியிலிருந்து வானம் தெளிந்த நாளில் தெரியும் அகத்தியர் மலையே அந்தக் கேள்வியை எழுப்பப் போதும். லெமூரியா என்ற பெயரை 1864இல் வைத்தவர் ஆங்கில விலங்கியலாளர் ஸ்கிளேட்டர். மடகாஸ்கரின் லெமூர் விலங்குகளுக்கும் இந்திய உறவினங்களுக்கும் பாலம் தேடினார். கண்டங்கள் நகரும் என்று அப்போது யாரும் ஏற்றுக்கொண்டிருக்கவில்லை. நகரும் என்று 1912இல் ஜெர்மானியரான வெகனர் வாதிட்டார். அது நிரூபணமானபின் மூழ்கிய பாலம் தேவையற்றுப் போனது. மொரீஷியஸில் 300 கோடி ஆண்டுப் பழமையான சிர்கான் மணிகள் கிடைத்ததாக 2017இல் செய்தி வந்தபோது தமிழ்நாட்டில் சிலர் குதூகலித்தார்கள். எரிமலைக் குழம்புக்கு அடியில் பழைய கண்டத் துண்டு ஒன்று புதைந்திருப்பது உண்மைதான். ஆனால் அது உடைந்து பிரிந்தது மனிதன் தோன்றுவதற்குப் பல கோடி ஆண்டுகளுக்கு முன்.

அதற்காகக் கடல்கோள் நினைவு முழுவதும் கட்டுக்கதை என்று தள்ளவேண்டியதில்லை. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் பனியுகத்தின் உச்சத்தில் கடல்மட்டம் இன்றைக்கு விட 120 மீட்டர் அளவுக்குத் தாழ்ந்திருந்தது. குமரி முனைக்குத் தெற்கே நிலம் நீண்டிருந்தது, இலங்கைக்கு நடந்து போகலாம். பின்னர் அந்தக் கரைகளைக் கடல் படிப்படியாக எடுத்துக்கொண்டது. தமிழர் இழந்ததாகச் சொல்லும் நிலத்தை அங்கே தேடுவதில் நியாயம் உண்டு. கண்ட அளவுக்கு அதை ஊதுவதால்தான் கெட்டிக்காரர்களின் கேலிக்கு ஆளாகிறோம்.

55 கோடி ஆண்டுப் பாறைக்கு இப்போது சந்தை மதிப்பு ஜல்லி, எம்-சாண்ட். மாவட்டத்தின் குன்றுகள் பல குவாரிகளாகிவிட்டன. 2015இல் தொடங்கிய விழிஞ்ஞம் துறைமுகத்தின் அலைதடுப்புச் சுவருக்குக் கல் கிடைக்காமல் வேலை தாமதமானது. கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து லாரி லாரியாகக் கல் கேரளத்துக்குப் போவது தமிழ்நாட்டில் தகராறானது. மலைச்சரிவிலோ வேறு பயம். உறுதியான பாறைமீது போர்த்திய மண், கனமழையில் நீர் ஊறி வழுக்கி இறங்குகிறது. 2024 ஜூலை 30இல் வயநாட்டில் அது ஊர்களையே கொண்டுபோனது. பொன்முடிச் சாலையும் மழைக்காலங்களில் மண்சரிவால் மூடப்பட்டிருக்கிறது.

பரங்கிமலையின் சார்னோகைட்டைப் புவியியல் ஆய்வுத் துறை தேசியப் புவியியல் நினைவுச் சின்னமாக அறிவித்துப் பலகை வைத்திருக்கிறது. கேரளத்தில் அங்காடிப்புறத்துச் செம்புரைக்கல்லும் வர்க்கலாவின் கடலோரக் குன்றும் அந்தப் பட்டியலில் உண்டு. பொன்முடி இல்லை. 22 வளைவுகளுக்கும் பலகை வைத்த சாலையில் பாறையைப் பற்றி ஒரு பலகை வைக்க அதிகச் செலவு ஆகாது.

கீழே கல்லாற்றில் யானை முதுகு போன்ற உருண்டைக் கற்களுக்கிடையே பையன்கள் குளிக்கிறார்கள். அந்த நீர் வாமனபுரம் ஆறாகி அஞ்சுதெங்குக் காயலுக்குப் போகிறது. மலையில் தேய்ந்த மணலையும் கையோடு எடுத்துக்கொண்டு.