கடிகார முள்ளுக்கும் கட்டளை

ஜான் ஸ்மித் 1976-இல் எடுத்த ‘தி கேர்ள் சூயிங் கம்’ குறும்படத்தை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை. 12 நிமிடம், கறுப்பு வெள்ளை. லண்டன் டால்ஸ்டன் பகுதியில் ஒரு தெருமுனை. இயக்குநரின் குரல் போவோர் வருவோருக்கெல்லாம் கட்டளையிடுகிறது. சொன்னபடியே ஒரு பெண் சூயிங் கம் மென்றபடி கடந்துபோகிறாள். அடுத்து புறாக்களுக்கு உத்தரவு. கடிகார முள்ளுக்கும் உத்தரவு!

அங்கேதான் நமக்குப் பிடிபடுகிறது. தெருவில் தானாக நடந்ததைப் படம்பிடித்துவிட்டு, குரலைப் பிறகு சேர்த்திருக்கிறார். காட்சிக்கு அர்த்தம் கொடுப்பது காதில் விழும் சொல்தான். செய்தியோ விளம்பரமோ, பின்னணிக் குரலை அப்படியே நம்பிவிடும் நமக்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது.

சினிமா எடுக்க ஆசைப்படும் தம்பி தங்கைகளே, கேமராவைக் கையில் எடுக்கும் முன் இதை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.