மார்கன்டன்: அதிபரையே கேள்வி கேட்ட கிராமத்து வக்கீலின் ஊர்!

அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், ப்ளூ ரிட்ஜ் மலைத்தொடரின் அடிவாரத்தில் இருக்கிறது மார்கன்டன். மக்கள்தொகை சுமார் 17 ஆயிரம். மர ஃபர்னிச்சருக்குப் பேர்போன பகுதி. சார்லட் நகரிலிருந்து காரில் கிளம்பினால் ஒன்றரை மணி நேரத்துக்குள் வந்துவிடலாம்.

ஊரின் நடுவே, 1830களில் கட்டிய பழைய கோர்ட் கட்டடம் இன்னும் நிற்கிறது. சாம் எர்வின் என்ற வக்கீலை உருவாக்கிய இடம் இதுதான்.

காதலுக்காகத் தலைகீழ் படிப்பு!

1896-ல் இந்த ஊரில் பிறந்தவர் எர்வின். அப்பாவும் இங்கே வக்கீல். முதல் உலகப் போரில் பிரான்ஸில் காயம்பட்டுத் திரும்பிய எர்வின், ஹார்வர்டில் சட்டம் படிக்கப் போனார். அங்கே மூன்றாம் ஆண்டுப் பாடத்தை முதலில் படித்தார். பிறகு இரண்டாம் ஆண்டு, கடைசியில் முதலாம் ஆண்டு! காதலி மார்கரெட், தான் வருவதற்குள் வேறு யாரையாவது திருமணம் செய்துகொள்வாரோ என்ற பயம்தான் காரணம். ஒவ்வோர் ஆண்டாகப் படித்தால் எப்போது வேண்டுமானாலும் ஊர் திரும்பலாம் அல்லவா? 1924-ல் அவரையே கைப்பிடித்தார்.

அப்பாவின் ஆபீஸிலேயே தொழில். அங்கிருந்து மாநில சட்டமன்றம். 1925-ல் பள்ளிகளில் பரிணாமக் கொள்கை கற்பிப்பதைத் தடுக்க ஒரு மசோதா வந்தபோது, இதனால் சந்தோஷப்படப்போவது குரங்குகள் மட்டுமே என்று கிண்டலடித்து எதிர்த்தார். மசோதா தோற்றது. பிறகு நீதிபதியானார். 1954-ல் அமெரிக்க செனட்டுக்குப் போனார்.

டிவியில் ஒரு தாத்தா

1972-ல் வாஷிங்டனின் வாட்டர்கேட் கட்டடத்தில், எதிர்க்கட்சி அலுவலகத்துக்குள் சிலர் புகுந்து பிடிபட்டார்கள். அந்த விவகாரம் அதிபர் நிக்சன் வரை நீண்டது. விசாரணைக் குழுவின் தலைவர் 76 வயது எர்வின். 1973, மே 17-ல் விசாரணை தொடங்கியது. டிவியில் பார்த்தது நாடே. புருவங்கள் மேலும் கீழும் துள்ள, பைபிள் வரியும் மலைநாட்டுக் கதையும் சொல்லி, ‘நான் ஒரு சாதாரண கிராமத்து வக்கீல்’ என்று சொல்லிக்கொண்டே சாட்சிகளை மடக்கினார். அதிபர் தன் அறையில் நடக்கும் பேச்சுகளை ரகசியமாகப் பதிவு செய்வது இந்த விசாரணையில்தான் அம்பலமானது. 1974 ஆகஸ்ட்டில் நிக்சன் பதவி விலகினார்.

அதே மே 17, வேறொரு கதை

இந்தத் தேதிக்கு இன்னொரு கதையும் உண்டு. சரியாக 19 ஆண்டுகளுக்கு முன், 1954 மே 17-ல்தான், வெள்ளையர்களுக்கும் கறுப்பினத்தவர்களுக்கும் தனித்தனிப் பள்ளி நடத்துவது அரசியல் சட்டத்துக்கு எதிரானது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்த மாதமே செனட்டரான எர்வின், அந்தத் தீர்ப்பை எதிர்த்தார். 1956-ல் தென் மாநில எம்.பி-க்கள் வெளியிட்ட எதிர்ப்பு அறிக்கையில் அவர் கையெழுத்தும் இருந்தது. 1964-ன் சிவில் உரிமைச் சட்டத்துக்கு எதிராகவும் வாக்களித்தார். ‘மாநிலங்களின் உரிமையில் மத்திய அரசு தலையிடக் கூடாது’ என்பது அவர் வாதம்.

இத்தனைக்கும், வசதியில்லாத குற்றவாளிக்கும் வக்கீல் கிடைக்க வேண்டும், ராணுவம் குடிமக்களை வேவு பார்க்கக் கூடாது என்று போராடியவரும் இவரே. அரசியல் சட்டத்தை வரிக்கு வரி அறிந்த மனிதருக்கு, சொந்த மாநிலத்துக் கறுப்பினப் பிள்ளைகளின் உரிமை மட்டும் அதில் தெரியாமல்போனது. சட்டம் தெரிந்தால் மட்டும் போதாது, அது யாருக்காக என்பதும் தெரிய வேண்டும். மார்கன்டன் சொல்லும் பாடம் இது.

என்ன பார்க்கலாம்?

1974 இறுதியில் பதவியை முடித்துக்கொண்டு எர்வின் ஊருக்கே திரும்பினார். 1985-ல் காலமானார். ஃபாரஸ்ட் ஹில் கல்லறைத் தோட்டத்தில் அவர் சமாதி இருக்கிறது. வெஸ்டர்ன் பீட்மாண்ட் கம்யூனிட்டி காலேஜில் அவருடைய வீட்டு நூலகத்தை, அவர் சேர்த்த புத்தகங்களோடு அப்படியே அமைத்திருக்கிறார்கள். போகிறவர்கள் வாட்டர்கேட் கதையோடு நிறுத்திவிடாமல், 1956 அறிக்கையைப் பற்றியும் கேட்டுப் பாருங்கள். அப்போதுதான் இந்த ஊரை முழுசாகப் பார்த்ததாக அர்த்தம்.