திருந்தியவருக்கு யார் வேலை கொடுப்பது?

1985ஆம் ஆண்டு வெளியான ‘ரன்அவே டிரெயின்’ என்னும் அமெரிக்கத் திரைப்படத்தின் படப்பிடிப்புத் தளத்திற்கு ஒருவர் வந்து சேர்ந்தார். அவர் நடிக்க வந்தவர் அல்லர். போதைப் பழக்கத்திலிருந்து மீள முயன்றுகொண்டிருந்த ஓர் இளைஞன் அங்கே வேலை பார்த்தான். சுற்றிலும் கொக்கெய்ன் தாராளமாகப் புழங்குவதைக் கண்டு, எங்கே மறுபடியும் விழுந்துவிடுவோமோ என்று அஞ்சித் தன் ஆலோசகரைத் தொலைபேசியில் அழைத்தான். துணைக்கு நிற்பதற்காக வந்தவர்தான் டேனி ட்ரெஹோ. அப்போது அவருக்கு வயது 40.

வடுக்கள் நிறைந்த முகமும், மார்பு முழுவதும் பச்சை குத்திய உடலுமாக நின்றவரைப் பார்த்து, சிறைக் கைதியாக நடிக்க முடியுமா என்று படக்குழுவில் ஒருவர் கேட்டார். ட்ரெஹோவுக்குச் சிரிப்பு வந்தது. சான் குவென்டின், ஃபோல்சம், சோலடாட் என்று கலிஃபோர்னியாவின் பெயர்பெற்ற சிறைகளிலேயே தம் இளமையைக் கழித்தவர் அவர். ஒரு நாளைக்கு 50 டாலர் கூலியுடைய துணைநடிகர் வேலை அது. ஆனால் அந்தப் படத்தின் திரைக்கதையில் பங்கேற்ற எட்வர்ட் பங்கரும் ஒரு முன்னாள் கைதியே. சிறைக்குள்ளிருந்து எழுதத் தொடங்கி நாவலாசிரியராக உயர்ந்தவர். சான் குவென்டினில் குத்துச்சண்டை வாகையராக இருந்த ட்ரெஹோவை அவர் அடையாளம் கண்டுகொண்டார். நாயகர்களுள் ஒருவரான எரிக் ராபர்ட்ஸுக்குக் குத்துச்சண்டை கற்பிக்க ஆள் வேண்டும், நாளொன்றுக்கு 320 டாலர் என்றார். அந்தத் தொகையைக் கேட்டதும் யாரை எவ்வளவு அடிக்க வேண்டும் என்றுதான் தாம் விசாரித்ததாக ட்ரெஹோ பிற்காலத்தில் நகைச்சுவையாகச் சொல்லிவந்தார். பயிற்சியளிப்பதைக் கண்ட இயக்குநர் ஆந்திரேய் கொன்சலோவ்ஸ்கி, படத்தில் ராபர்ட்ஸுடன் மோதும் குத்துச்சண்டை வீரராக அவரையே நடிக்க வைத்துவிட்டார்.

எங்கள் பிள்ளைகளுக்கு இவரை ‘ஸ்பை கிட்ஸ்’ படத்தில் விதவிதமான கருவிகள் செய்யும் மாமாவாகத் தெரியும். அந்த மாமா உண்மையிலேயே சிறையில் இருந்தவராமே என்று சின்னவன் ஒருநாள் கேட்டபோது, மேலோட்டமாக ஒரு பதில் சொல்லிவிட்டு நகர எங்களுக்கு மனம் வரவில்லை. அவருடைய நேர்காணல்களைத் தேடிக் கேட்டோம். கேட்கக் கேட்க, படப்பிடிப்புத் தளத்தில் நிகழ்ந்த அந்த அதிர்ஷ்டத்தைவிட அதற்கு முந்திய 16 ஆண்டுகளே எங்களை அதிகம் ஈர்த்தன.

லாஸ் ஏஞ்சலிஸில் 1944இல், மெக்சிகோ வழிவந்த குடும்பமொன்றில் பிறந்தவர் ட்ரெஹோ. எட்டு வயதில் கஞ்சா, பன்னிரண்டு வயதில் ஹெராயின் என்று அவரே தம் சிறுவயதைப் பற்றிக் கூறியிருக்கிறார். இவற்றையெல்லாம் அறிமுகப்படுத்தியவர் தெருவில் எதிர்ப்பட்ட அந்நியர் எவருமல்லர். சிறுவன் வியந்து பார்த்த சொந்தச் சித்தப்பா. கெட்ட சகவாசம் என்றால் வெளியாட்களைத்தான் நாம் நினைத்துக்கொள்கிறோம். வீட்டுக்குள் பிள்ளைகள் யாரை வியந்து பார்க்கிறார்கள் என்பதை எத்தனை பேர் கவனிக்கிறோம்? ஆயுதமேந்திய கொள்ளை, போதைப்பொருள் விற்பனை, கைது, விடுதலை, மீண்டும் கைது என்றே அவருடைய இளமை கழிந்தது.

1968 மே மாதத்தில் சோலடாட் சிறையில் கலவரம் மூண்டது. ட்ரெஹோ எறிந்த கல் காவலர் ஒருவரின் தலையைத் தாக்கியது. மரண தண்டனை வரை செல்லக்கூடிய குற்றச்சாட்டுடன் அவர் தனிமைச் சிறையில் அடைக்கப்பட்டார். அந்த இருட்டறையில் அவர் இறைவனிடம் கேட்டது விடுதலையை அன்று. கண்ணியத்தோடு சாக வை. அதுவரை நாள்தோறும் உன் பெயரைச் சொல்வேன். சக கைதிகளுக்கு இயன்றதைச் செய்வேன் என்பதே அவருடைய வேண்டுதலின் சாரம். எப்படியும் சில நாட்களில் நச்சுவாயு அறைக்கு அனுப்பிவிடுவார்கள், வாக்குறுதி நெடுநாள் நீடிக்காது என்று அப்போது எண்ணியதாகவும் அவர் சொல்வதுண்டு. வழக்கோ நிற்கவில்லை. உயிர் தப்பியது, வாக்குறுதியும் உயிரோடு நின்றது. அவர் வளர்ந்தது கத்தோலிக்கச் சூழலில். ஆயினும் நேர்ச்சை என்பது எத்தனை கனமான பொறுப்பு என்பதை அறிந்த நமக்கு அவர் நிலை எளிதில் விளங்கும். அந்த ஆண்டு முதல் இன்றுவரை மதுவையும் போதையையும் அவர் தொடவில்லை.

1969இல் விடுதலையானார். இனி வரும் 16 ஆண்டுகளைக் கதை சொல்பவர்கள் பெரும்பாலும் ஒரே வரியில் தாண்டிவிடுகிறார்கள். அவற்றில் புகழுமில்லை, பணமுமில்லை. பிறர் வீட்டுப் புல்வெளிகளைச் சீர்செய்தார். கிடைத்த உடலுழைப்பு வேலைகளைச் செய்தார். போதையிலிருந்து மீள்வோரின் கூட்டங்களுக்குத் தவறாமல் சென்றார். பின்னர் அத்தகையோருக்கு ஆலோசகரானார். நள்ளிரவில் அழைப்பு வந்தாலும் எழுந்து போவது அந்த வேலையின் இயல்பு. படப்பிடிப்புத் தளத்திற்கு அவர் சென்றதும் அப்படி ஓர் அழைப்பினால்தான். அதனால் அவருடைய திரைவாழ்வைத் தற்செயல் என்று சொல்ல எங்களுக்கு நா எழவில்லை. 16 ஆண்டுகளாக இரவும் பகலும் ஆயிரம் வாசல்களுக்குச் சென்றுவந்த ஒருவருக்கு, அவற்றுள் ஒன்று வேறு பக்கமாகத் திறந்தது.

தொடக்க ஆண்டுகளில் படங்களின் இறுதியில் ஓடும் பெயர்ப்பட்டியலில் அவருடைய பாத்திரத்திற்குப் பெயர்கூட இராது. ‘கைதி 1’ என்று இருக்கும். பிற்காலத்தில் அவரைப் பற்றி எடுக்கப்பட்ட ஆவணப்படத்திற்கு அதையே தலைப்பாக வைத்தார்கள். பச்சை குத்திய முரட்டு மெக்சிகன் வேடங்களிலேயே உங்களை முடக்குகிறார்களே என்று ஒரு செய்தியாளர் கேட்டதற்கு, நான் அந்த முரட்டு மெக்சிகன்தானே என்று அவர் சிரித்துக்கொண்டு பதிலளித்திருக்கிறார். அவருக்கு அது இயல்பாக வந்தது. தாடியும் தொப்பியும் திரையில் தோன்றினாலே அடுத்து என்ன காட்சி வரும் என்பதை அறிந்து வைத்திருக்கும் நம்மால் அவ்வளவு எளிதாகச் சிரிக்க முடியவில்லை. ஒரு மனிதரின் கடந்த காலம் அவருக்குப் பிழைப்பாவது வேறு. ஒரு சமூகத்தின் முகமே குற்றவாளியின் முகமாக நிலைத்துப்போவது வேறு. ஹாலிவுட் இரண்டையும் செய்தது.

1995இல் மைக்கேல் மன்னின் ‘ஹீட்’, ராபர்ட் ரோட்ரிகஸின் ‘டெஸ்பராடோ’ ஆகிய படங்கள் அவரைப் பரவலாக அறியச் செய்தன. 2010இல் ‘மச்செட்டே’ படத்தில் நாயகரானபோது அவருக்கு வயது 66. ஓய்வூதியம் வாங்கும் வயதில் கதாநாயகனா என்று எங்கள் வீட்டுப் பெரியவர் வியந்தார். நம்மூர் நாயகர்களின் வயதை அவருக்கு நினைவூட்டினோம்.

இவற்றினும் முக்கியமாக எங்களுக்குப் பட்டது வேறொன்று. மெக்சிகன் சிறைக் கும்பல்களைப் பற்றி ஏறத்தாழ ஒரே காலத்தில் இரு படங்கள் உருவாயின: 1992இல் ‘அமெரிக்கன் மீ’, 1993இல் ‘பிளட் இன் பிளட் அவுட்’. முதற்படத்தின் சித்திரிப்பு உண்மையான கும்பல் தலைவர்களுக்குக் கடுஞ்சினம் மூட்டியது. அப்படத்திற்கு ஆலோசனை கூறிய பெண்மணி ஒருவர் 1992இல் தம் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். ட்ரெஹோ நடித்தது இரண்டாம் படத்தில். அதன் காட்சிகள் சான் குவென்டினிலேயே எடுக்கப்பட்டன. தாம் கைதியாக வாழ்ந்த சிறைக்குள் நடிகராக நுழைந்து, பழைய அறையைக் கடந்து நடந்தார். கும்பல் வாழ்க்கையைக் காட்டும் படங்களின் பின்னணி இசையையும் மெதுவாக நடந்துவரும் கால்களையும் கண்டு நம் பிள்ளைகள் மயங்குகிறார்கள். படத்துக்கு யோசனை சொன்னவர்கூடச் செத்துக் கிடந்தார் என்பதை அவர்களுக்கு யாரும் சொல்வதில்லை. தாம் ஏற்கும் கெட்டவன் வேடம் முடிவில் சாக வேண்டும் அல்லது சிறை செல்ல வேண்டும் என்று ட்ரெஹோ வற்புறுத்துவதை இந்தப் பின்னணியில்தான் புரிந்துகொண்டோம். திரையில் மிக அதிக முறை கொல்லப்பட்ட நடிகர்களுள் அவரும் ஒருவர்.

அதே நகரத்தில் இன்னொருவர் இருக்கிறார். ரிச்சர்ட் கப்ரால், கிழக்கு லாஸ் ஏஞ்சலிஸின் கும்பலொன்றில் இருந்து சிறை சென்றவர். வெளியே வந்ததும் அவருக்கு வேலை கொடுத்தது ‘ஹோம்பாய் இண்டஸ்ட்ரீஸ்’ என்னும் அமைப்பின் ரொட்டி அடுமனை. கிரெக் பாயில் என்ற பாதிரியார் 1988இல் தொடங்கிய முயற்சி அது. கும்பல்களை விட்டு வருவோருக்கு அங்கே முதலில் வேலை. பிறகு ஆலோசனை, படிப்பு. முகத்திலும் கழுத்திலும் குத்திய கும்பல் அடையாளங்களைக் கட்டணமின்றி அழித்தும் விடுகிறார்கள். நேற்றுவரை ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டிருந்த இரு கும்பல்களைச் சேர்ந்தவர்கள் அங்கே அருகருகே நின்று மாவு பிசைகிறார்கள். நடிகர் தேடி வந்தவர்களின் கண்ணில் கப்ரால் பட்டது அங்கிருந்துதான். ‘அமெரிக்கன் கிரைம்’ தொடருக்காக 2015இல் எம்மி விருதுக்கு அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டது.

அடுமனை என்ற சொல்லைப் படித்ததும் எங்களுக்கு ராத்தா மகனின் நினைவு வந்தது. அடிதடி வழக்கொன்றில் சிறை சென்று 14 மாதங்கள் கழித்துத் திரும்பியவன் அவன். வந்த முதல் வாரத்திலேயே தொழுகைக்குப் போகத் தொடங்கினான். பள்ளிவாசலில் பெரியவர்கள் கையைப் பற்றிக்கொண்டு நல்ல வார்த்தைகள் கூறினார்கள், துஆ செய்தார்கள். ஆனால் அவன் ஏறி இறங்கிய கடைகளில் ஒன்றுகூட அவனைக் கல்லாவுக்குப் பக்கத்தில் நிற்க விடவில்லை. ஒருநாள் இரவு சாப்பிட உட்கார்ந்தபோது, “திருந்திட்டியான்னு எல்லாரும் கேக்குறாங்க மாமா. வேலைக்கு வர்றியான்னு ஒருத்தரும் கேக்கல” என்றான். பழைய கூட்டாளிகள் மட்டும் வாரம் தவறாமல் அவனை அழைத்துக்கொண்டிருந்தார்கள்.

பயான்களில் நாம் பலமுறை கேட்ட அந்த மனிதரின் கதை இருக்கிறதே, 99 கொலைகளைச் செய்துவிட்டு மன்னிப்பு உண்டா என்று கேட்டுப் புறப்பட்டவர். வணக்கசாலி ஒருவர் இல்லை என்றார். அவரும் 100ஆவது ஆளாக வெட்டுண்டார். பின்னர் சந்தித்த அறிஞரோ தவ்பாவின் வாசல் திறந்திருப்பதைச் சொன்னதோடு நிற்கவில்லை. இந்த ஊரை விட்டு, நல்லவர்கள் வாழும் இன்ன ஊருக்குப் போ என்று திசையும் காட்டினார். வாசல் திறந்திருக்கிறது என்று சொல்ல நம்மிடம் ஆட்கள் நிறைய உண்டு. இன்ன இடத்துக்குப் போ என்று சொல்வதற்கு நம் மஹல்லாக்களில் எத்தனை இடங்கள் இருக்கின்றன? ஒரு தையற்கூடம், ஒரு பழுதுபார்க்கும் பட்டறை, ஓர் அடுமனை? ஜகாத் நிதியில் தையல் இயந்திரமும் தள்ளுவண்டியும் வாங்கிக் கொடுக்கிறோம், அல்ஹம்துலில்லாஹ். சிறையிலிருந்து வந்தவனின் பெயர் அந்தப் பட்டியலில் இடம்பெற்றதை நாங்கள் இதுவரை கண்டதில்லை.

முடிவில் உறவினர் ஒருவர் தம் மொத்த அரிசி வியாபாரத்தில் சரக்கு ஏற்றி இறக்கும் வேலைக்கு அவனைச் சேர்த்துக்கொண்டார். எட்டு மாதங்கள் ஆகின்றன. வசூல் பணத்தை இன்னும் அவனிடம் கொடுத்தனுப்புவதில்லை. அதைப் பற்றி அவன் ஒன்றும் சொல்வதுமில்லை. பெண் பார்க்கும் பேச்சு இரண்டு முறை தொடங்கி இரண்டு முறையும் நின்றுவிட்டது. பெண்ணைப் பெற்றவர்களை நாங்கள் குறைகூற மாட்டோம். அவர்கள் இடத்தில் இருந்தால் நாங்களும் பலமுறை யோசித்திருப்போம். ஆயினும் ஒவ்வொரு முறையும் ராத்தா இரவு முழுவதும் உறங்காமல் கிடப்பதைப் பார்க்கச் சகிக்கவில்லை.

ட்ரெஹோவின் கதையில் ராத்தாவுக்கு நாங்கள் எடுத்துச் சொன்ன பகுதி, அவர் புகழடைந்ததை அன்று. பிறரைப் போதையிலிருந்து மீட்பதையே தொழிலாகக் கொண்ட அவருடைய சொந்த மகனும் மகளும் அதே போதையில் வீழ்ந்தார்கள். ஊருக்கெல்லாம் ஆலோசகர், சொந்தப் பிள்ளைகளிடம் அவர் அறிவு செல்லவில்லை. பிற்காலத்தில் இருவரும் மீண்டார்கள். மகன் திரைப்பட இயக்குநரானார். 2021இல் வெளிவந்த ‘ஃப்ரம் எ சன்’ படத்தை எழுதி இயக்கியவர் அந்த மகன்தான். போதைக்கு அடிமையாகிக் காணாமற்போன மகனைத் தேடி அலையும் தகப்பனாக அதில் நடித்தவர் ட்ரெஹோ. மகன் எழுதிக் கொடுத்த வசனத்தைத் தகப்பன் பேசியிருக்கிறார்.

அந்த மகன் மீண்டு வர எத்தனை வருடம் ஆனது என்று ராத்தா கேட்டார்.