சத்தம் போன பிறகு



மூன்று கிழமையாக நான் ஏன் ஒருவருடைய போனையும் எடுக்கவில்லை என்று பலர் கேட்டிருந்தீர்கள். யாரோடும் கோபம் இல்லை. கதைக்க முடியவில்லை, அவ்வளவுதான்.

19 வருடம் படிப்பித்த தொண்டை. தகரக் கூரை, 40க்கு மேல் பிள்ளைகள், பக்கத்து வகுப்புக்கும் எங்களுக்கும் நடுவில் ஒரு அரைச் சுவர். அந்தப் பக்கம் வாய்ப்பாடு, இந்தப் பக்கம் ஆங்கிலம். யார் கூடுதலாகக் கத்துகிறாரோ அவருடைய பாடம்தான் நடக்கும். மாரி மழை தகரத்தில் விழுந்தால் அதுவும் இல்லை. இரண்டு வருடமாகவே பின்னேரமானால் சத்தம் கட்டிவிடும். கொத்தமல்லி அவித்துக் குடித்துவிட்டு அடுத்த நாள் திரும்பவும் கத்துவேன். போன மாதம் ஒரு நாள் காலையில் வகுப்புக்குள் போய் "குட் மோர்னிங்" சொல்ல வாயைத் திறந்தேன். காற்று மட்டும்தான் வந்தது.

டொக்டர் மூக்கு வழியாகச் சின்னக் கமரா விட்டுப் பார்த்தார். குரல்நாண்கள் இரண்டிலும் தடிப்பு. மண்வெட்டி பிடிக்கிறவருடைய கையில் காய்ப்பு வருகிற மாதிரித்தான் இதுவும் என்றார். ஒரு பெண் சாதாரணமாகக் கதைக்கும்போதே அந்த நாண்கள் செக்கனுக்குச் சுமார் 200 தடவை ஒன்றில் ஒன்று படுகின்றன. கத்தினால் அடி இன்னும் பலம். இரண்டு கிழமை ஒரு சொல்லும் பேசக் கூடாது, குசுகுசுக்கவும் கூடாது என்றார். சுகமாகாவிட்டால் பிறகு ஒப்பரேஷன் பற்றி யோசிப்போம் என்றும் சொன்னார்.

வீட்டில் கொப்பியும் பேனையுமாக இருந்தேன். சோறு வேணுமா வேணாமா என்பதையும் எழுதித்தான் காட்ட வேண்டும். என் முகத்தைப் பார்த்துவிட்டு மகள் 'த சவுண்ட் ஒஃப் மியூசிக்' படத்தைப் போட்டாள். ஆங்கில தினத்துக்கு எத்தனை வருடம் அந்தப் படத்துப் பாட்டைப் பிள்ளைகளுக்குப் பழக்கியிருப்பேன்! படம் முடிந்ததும் மகள் போனில் எதையோ வாசித்துவிட்டு, "உம்மா, இவங்கட சத்தமும் போயிட்டாம், தெரியுமா?" என்றாள்.

எனக்குத் தெரியாது. அன்றிரவு முழுக்க ஜூலி அன்ட்ரூஸைப் பற்றித் தேடித் தேடி வாசித்தேன்.

1935இல் இங்கிலாந்தில் பிறந்தவர். தாய் பியானோ வாசிப்பவர், தாயின் இரண்டாவது கணவர் மேடைப் பாடகர். சின்ன வயதிலேயே நான்கு ஸ்தாயி தொடுகிற குரல். 1947இல், 12 வயதில், லண்டன் ஹிப்போட்ரோம் அரங்கில் பெரியவர்கள் பாடத் தயங்கும் பாட்டைப் பாடியிருக்கிறார். விளையாட வேண்டிய வயதிலேயே வீட்டுச் செலவு அந்தத் தொண்டையில்தான் ஓடியிருக்கிறது.

19 வயது ஆவதற்கு முதல் நாள், 1954 செப்டெம்பரில், நியூயோர்க் புரோட்வே மேடைக்கு வந்தார். 1956இல் 'மை ஃபெயார் லேடி'. தெருவில் பூ விற்கும் ஒரு பெண்ணுக்கு ஒரு பேராசிரியர் சரியான உச்சரிப்புப் பழக்கும் கதை. ஆங்கிலம் படிப்பிக்கிற எவருக்கும் பிடிக்கும். ஆனால் ஒத்திகையில் அவருக்குப் பாத்திரம் பிடிபடவில்லை. இயக்குநர் மொஸ் ஹார்ட் மற்றவர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, இரண்டு நாள் இவரை மட்டும் வைத்து ஒவ்வொரு வசனமாகப் பழக்கினார். அந்த இடத்தை இரண்டு முறை வாசித்தேன். ஒரு பிள்ளைக்காக இரண்டு நாள் ஒதுக்க நமக்கு எங்கே முடிகிறது?

நாடகம் பெரும் வெற்றி. நியூயோர்க்கிலும் லண்டனிலுமாக மூன்றரை வருடம், கிழமைக்கு எட்டுக் காட்சி. அதே கதையைப் படமாக்கியபோது, சினிமாவில் பெயர் இல்லாதவர் என்று இவரை விட்டுவிட்டு ஓட்ரி ஹெப்பர்னைப் போட்டார்கள். ஹெப்பர்னுக்குப் பெரும்பாலான பாட்டுகளை வேறொருவர்தான் பாடிக் கொடுத்தார். இவர் அந்த நேரம் 'மேரி பொப்பின்ஸ்' நடித்து, அதற்கே ஒஸ்கார் வாங்கினார். 1965இல் நாங்கள் பார்த்த படம் வந்தது.

1995இல், 60 வயதில், 'விக்டர் விக்டோரியா' நாடகத்துக்காகத் திரும்பவும் புரோட்வே மேடை ஏறினார். குரல் களைத்தது. 1997இல் தொண்டையில் ஒப்பரேஷன். சில கிழமையில் பாடலாம் என்று எண்ணியிருந்தார். பாட்டுக் குரல் திரும்பவே இல்லை. வழக்குப் போட்டார், 2000இல் அது இணக்கமாக முடிந்தது. குரலை எந்த வழக்கு திருப்பித் தரும்?

இதை வாசித்தபோது எனக்குக் கை நடுங்கியது. அடுத்த தடவை டொக்டரிடம் கொப்பியில் எழுதிக் கேட்டேன். எல்லாருக்கும் அப்படி ஆவதில்லை, உங்களுக்கு முதலில் ஓய்வும் குரல் பயிற்சியும்தான் என்றார். மூச்சு வந்தது.

பாட முடியாமல் போனபிறகு அவர் என்ன செய்தார் என்பதையும் சொல்ல வேண்டும். மகள் எம்மாவோடு சேர்ந்து சிறுவர் புத்தகங்கள் எழுதத் தொடங்கினார். முப்பதுக்கு மேல் வந்துவிட்டன. பாட முடியவில்லையே என்று தாய் வருந்தியபோது, உங்கள் குரலைப் பாவிக்க வேறொரு வழியைக் கண்டுபிடித்திருக்கிறீர்கள் என்று அந்த மகள் சொன்னாராம். படங்களிலும் தொடர்ந்து நடித்தார். 85 வயதில் ஒரு தொடருக்குக் கதை சொல்லும் குரலும் கொடுத்தார்.

போன திங்கள் பாடசாலைக்குப் போனேன். கையில் ஒரு சின்ன மணி. பாடத்தைப் பலகையில் எழுதிவிட்டு, வாசிக்கச் சொல்லிக் கையைக் காட்டினேன். முன்வரிசைப் பிள்ளைகள் வழமைபோல எழும்பினார்கள். மூன்றாம் நாள், இரண்டு வருடத்தில் ஒரு தடவையும் வாய் திறக்காத கடைசி வாங்குப் பிள்ளை எழும்பி வாசித்தாள். மெல்லிய சத்தம். ஆனால் வகுப்பு அவ்வளவு அமைதியாக இருந்ததால் எல்லாருக்கும் கேட்டது. நான் கத்திக்கொண்டிருந்த இரண்டு வருடமும் அந்தச் சத்தம் அங்கேதான் இருந்திருக்கிறது. எனக்குத்தான் கேட்கவில்லை.

இப்போது கொஞ்சம் கதைக்கிறேன், அல்ஹம்துலில்லாஹ். முழுமையாகச் சுகமில்லை.

ஊராரிடமும் பழைய மாணவர்களிடமும் ஒரு வேண்டுகோள். பாடசாலைக்கு நுழைவாயில் வளைவு கட்டுவது பற்றிப் பேச்சு நடக்கிறது. நல்லது. அதற்கு முன் அந்த அரைச் சுவர்களைக் கூரை வரைக்கும் உயர்த்தித் தாருங்கள். சக ஆசிரியர்களே, சத்தம் கட்டி மூன்று கிழமைக்கு மேல் போனால் கொத்தமல்லியோடு நிற்காதீர்கள், போய்க் காட்டுங்கள்.

வீதியில் கண்டால் கையைக் காட்டுங்கள், நானும் காட்டுவேன். துஆவில் சேர்த்துக்கொள்ளுங்கள்.