ஸ்பிரிங்ஃபீல்டில் ஒரு பரீட்சை

பள்ளிக்கூடத்து வாத்தியார் எங்கே போனாலும் பரீட்சை அவரை விடுவதில்லை. கோடை விடுமுறையில் அமெரிக்காவுக்குப் போய், தங்கை வீட்டில் ஒரு மாதம் ஓய்வாக இருந்துவிட்டு வரலாம் என்று எண்ணித்தான் நான் புறப்பட்டேன். போன மூன்றாம் நாளே என்னைப் பரீட்சை அதிகாரியாக நியமித்துவிட்டார்கள். பரீட்சைக்கு உட்பட வேண்டியது ஒரு துப்பாக்கி!

மாஸசூஸெட்ஸ் மாகாணத்தில், பாஸ்டன் நகரத்துக்கு மேற்கே சுமார் 90 மைல் தூரத்தில், கனெக்டிகட் நதிக்கரையில் இருக்கிறது ஸ்பிரிங்ஃபீல்டு நகரம். கூடைப்பந்து விளையாட்டு 1891-ஆம் வருஷம் இந்த ஊரில்தான் பிறந்தது. தங்கையின் வீடு அதற்கு அருகில் ஓர் அமைதியான சிற்றூரில். மாப்பிள்ளை அந்நாட்டுப் பிரஜையாகிப் பல வருஷங்களாகின்றன. அக்கம்பக்கத்தாரோடு குறிபார்த்துச் சுடும் சங்கம் ஒன்றில் சேர்ந்து, பயிற்சி பெற்று, உள்ளூர்ப் போலீஸாரிடம் லைஸென்ஸும் வாங்கிவிட்டார். இனி வாங்க வேண்டியது துப்பாக்கி ஒன்றுதான். அங்கேதான் என் தங்கை குறுக்கே நின்றாள்.

"வீட்டில் எட்டு வயசுக் குழந்தை இருக்கிறது, அண்ணா! நீங்கள் ஒரு தடவை இவரோடு போய்ப் பாருங்கள். சரி என்று நீங்கள் சொன்னால் வாங்கட்டும், இல்லையென்றால் இந்த வீட்டில் இனி அந்தப் பேச்சே வேண்டாம்" என்றாள்.

துப்பாக்கியைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? நான் சரித்திர வாத்தியார். 1878-ஆம் வருஷத்து ஆயுதச் சட்டத்தை வருஷந்தோறும் வகுப்பில் விளக்குகிறவன். இந்தியர் துப்பாக்கி வைத்திருக்க லைஸென்ஸ் வேண்டும், வெள்ளைக்காரருக்கு வேண்டியதில்லை என்று இருந்த அந்த அநீதியைச் சொல்லும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். ஆனால் துப்பாக்கியைத் தொட்டதில்லை. "எதையும் படித்துவிட்டுத்தான் பரீட்சை வைக்க வேண்டும்" என்று சொல்லி, முதலில் ஸ்பிரிங்ஃபீல்டு ஆயுதசாலைக்கு அழைத்துப் போகும்படி மாப்பிள்ளையிடம் கேட்டுக்கொண்டேன்.

குன்றின்மேல் செங்கல் கட்டடங்களும் பச்சைப் புல்வெளியுமாக அழகான இடம். சுதந்தரப் போரின்போது, 1777-ல், இங்கே ஆயுதக் கிடங்கு ஏற்பட்டது. 1787-ஜனவரியில் கடன் சுமையால் நொந்த குடியானவர்கள் ஷேஸ் என்பவர் தலைமையில் அதைக் கைப்பற்ற வந்து, பீரங்கிக்கு நாலு பேரைப் பலிகொடுத்துத் திரும்பினார்கள். 1794 முதல் 1968 வரை இங்கே அரசாங்கத்தின் துப்பாக்கித் தொழிற்சாலை நடந்தது. இப்போது ஒரு பகுதி பொருட்காட்சிசாலை; மற்றக் கட்டடங்களில் ஒரு கல்லூரி. துப்பாக்கி வார்த்த முற்றத்தில் மாணவர்கள் புத்தகமும் கையுமாகப் போவதைப் பார்க்க எனக்கு மனசு குளிர்ந்தது.

உள்ளே உயரமான ஒரு சட்டத்தில் பழைய துப்பாக்கிகளை அடுக்கடுக்காக நிறுத்தி வைத்திருக்கிறார்கள். 1843-ஆம் வருஷம் லாங்ஃபெல்லோ என்ற கவி புது மனைவியோடு இங்கே வந்தபோது, அந்த அம்மாள் இப்படி அடுக்கியிருந்த துப்பாக்கிகளைக் கண்டு, மாதா கோவிலில் வாசிக்கும் ஆர்கன் வாத்தியத்தின் குழல்களைப் போல் இருக்கின்றன என்றாளாம். அதைக் கொண்டு அவர் யுத்தத்தை வெறுத்து ஒரு கவிதை பாடினார். துப்பாக்கிச் சாலையில் பிறந்த சமாதானப் பாட்டு அது!

என் பரீட்சைக்கு உதவியவை வேறு இரண்டு. ஒன்று, இங்கே வேலை பார்த்த ஜான் காரண்ட் அமைத்த எம்-1 துப்பாக்கி. 1936-ல் அமெரிக்க ராணுவம் இதை ஏற்றுக்கொண்டது. கனம் ஒன்பதரை ராத்தல். சமையற்காரரும் லாரி ஓட்டுகிறவரும் தந்திக் கருவி சுமப்பவரும் இவ்வளவு பாரத்தைத் தூக்கிக்கொண்டு வேலை பார்க்க முடியுமா? அதனால் 1941-ல் பல மாதிரிகளைச் சோதித்து, வின்செஸ்டர் கம்பெனியார் அமைத்த 'கார்பைன்' என்ற சிறு துப்பாக்கியைத் தேர்ந்தெடுத்தார்கள். கனம் ஐந்து ராத்தலுக்குச் சற்று மேல்தான். யுத்தம் முடிவதற்குள் 60 லட்சத்துக்கு மேல் செய்தார்கள். செய்தவர்களில் டைப்ரைட்டர் செய்யும் அண்டர்வுட் கம்பெனியாரும், காசு போட்டால் பாட்டுப் பாடும் பெட்டி செய்யும் ராக்-ஓலா கம்பெனியாரும் உண்டு. லேசும் மலிவும் சேர்ந்தால் ஒரு சாமான் எவ்வளவு சீக்கிரம் பெருகுகிறது என்பதை அங்கே கண்டுகொண்டேன்.

மறுநாள் காலை சங்கத்தின் மைதானத்துக்குப் போனோம். சுற்றிலும் மேப்பிள் மரங்கள். எதிரே உயர்ந்த மண்மேடு. மேட்டுக்கு முன்னால் காகித இலக்குகள். கண்ணுக்குக் கண்ணாடியும் காதுக்கு மூடியும் கொடுத்தார்கள். தாற்காலிக விஸாவில் வந்தவர்கள் துப்பாக்கியைக் கையாள அந்நாட்டுச் சட்டம் தடை விதிக்கிறது. வேட்டை லைஸென்ஸ் போன்ற சில விலக்குகள் உண்டு. எனக்கு விலக்கு ஒன்றும் இல்லை. ஆகவே, கையில் பென்ஸிலும் நோட்டுப் புத்தகமுமாக ஒரு பெஞ்சியில் பின்னால் உட்கார்ந்தேன். இது எனக்குப் பழக்கமான ஆசனந்தான்.

பக்கத்து வீட்டுக்காரர் பார்வைக்கென்று கொண்டுவந்திருந்தது ரூகர் கம்பெனியின் '10/22'. அந்தக் கம்பெனியை ஸ்தாபித்த வில்லியம் ரூகர் வாலிபத்தில் ஸ்பிரிங்ஃபீல்டு ஆயுதசாலையில் வேலை பார்த்தவர். 1964-ல் வெளிவந்த இந்தத் துப்பாக்கியின் கனம் சுமார் ஐந்து ராத்தல். விலை சில நூறு டாலர். சின்னச் சுழல்பெட்டியில் பத்துத் தோட்டாக்கள் கொள்ளும். விசையை ஒரு முறை அழுத்தினால் ஒரு வெடி. வெடித்த வேகமே பின்னாலுள்ள இரும்புத் தாழைத் தள்ளி, வெற்றுக் கூட்டை வெளியே எறிகிறது. சுருள்வில் தாழை முன்னுக்குத் தள்ளும்போது அடுத்த தோட்டா தானாகவே குழலுக்குள் போய்விடுகிறது. பாதி வேலையைத் துப்பாக்கியே செய்வதால் இதற்கு 'அரைத் தானியங்கி' என்று பெயர்.

மாப்பிள்ளை மணல்மூட்டையின்மேல் துப்பாக்கியைத் தாங்கி, 50 கஜ தூரத்தில் குறிபார்த்தார். சத்தம் எதிர்பார்த்ததைவிடச் சிறிது. தோளில் உதைப்பு இல்லவே இல்லை என்றார். முதல் பத்துக் குண்டுகளும் ஓர் உள்ளங்கை அளவுக்குள் விழுந்தன. "எப்படி, மச்சான்?" என்று பெருமையோடு திரும்பிப் பார்த்தார். நானும் தாராளமாக மார்க் போட்டேன்.

இரண்டாம் சுற்று. சட்சட்டென்று சுட்டார். பிறகு தோட்டாப் பெட்டியைக் கழற்றிப் பார்த்தார். காலி. துப்பாக்கியை மேஜைமேல் வைத்துவிட்டு, "பத்தும் ஆயிற்று, மச்சான்!" என்றார்.

நான் நோட்டைப் பார்த்தேன். ஒன்பது கோடுகள்தாம் இருந்தன.

"ஒன்பதுதான் ஆயிற்று, மாப்பிள்ளை" என்றேன்.

"பெட்டி காலியாக இருக்கிறதே! நீங்கள் ஒன்றை எண்ண விட்டிருப்பீர்கள்" என்று சிரித்தார்.

மைதானத்தை மேற்பார்க்கும் கிழவர் எங்கள் பாஷை புரியாவிட்டாலும் விஷயத்தைப் புரிந்துகொண்டார். ஒன்றும் பேசாமல் வந்து, குழல் மண்மேட்டை நோக்கியபடியே இருக்கச் செய்து, தாழைப் பின்னுக்கு இழுத்தார். பளபளவென்று ஒரு முழுத் தோட்டா மேஜைமேல் விழுந்து உருண்டது. ஒன்பதாவது வெடியின் வேகத்திலேயே பத்தாவது தோட்டா குழலுக்குள் போய்விட்டதால் பெட்டி காலியாகிவிட்டது. துப்பாக்கி காலியாகவில்லை!

சுண்டுவிரலின் பாதி அளவுகூட இல்லாத அந்தத் தோட்டாவின் குண்டு ஒரு மைலுக்கு அப்பாலும் போகும் என்று கிழவர் சொன்னார். மாப்பிள்ளையின் முகம் வெளுத்துவிட்டது. அந்தக் கணம் எங்கள் இருவர் மனத்திலும் எழுந்தது எட்டு வயசுக் குழந்தையின் முகந்தான். அதைச் சொல்லிக்கொள்ள வேண்டிய அவசியம் இருக்கவில்லை.

காரில் திரும்பும்போது நெடுநேரம் மௌனம். பிறகு அவரே பேசினார்: "துப்பாக்கியின்மேல் குற்றமில்லை, மச்சான். அது தன் வேலையைச் சரியாகச் செய்தது. நான்தான் கணக்கில் தவறினேன். ஒரு வருஷம் சங்கத்துத் துப்பாக்கியிலேயே பழகுகிறேன். பிறகு வாங்கினாலும் பூட்டிய பெட்டியில், தோட்டா வேறிடத்தில், என்று வைத்துக்கொள்கிறேன்."

பூட்டி வைக்க வேண்டும் என்பது அந்த மாகாணத்துச் சட்டமும்கூட. ஆனால் சட்டம் சொன்னபோது ஏறாதது, உருண்டு விழுந்த ஒரு தோட்டாவைக் கண்டதும் ஏறிவிட்டது. நானும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். முதல் சுற்றில் மார்க்கை அள்ளிக் கொடுத்தவன் நான். லேசாக இருக்கிறது, மலிவாக இருக்கிறது, குறி தப்பவில்லை என்று பார்த்தேனே ஒழிய, பிடித்திருந்த கை பழகிய கைதானா என்று பார்க்கவில்லை.

வாசலில் தங்கை காத்திருந்தாள். அவளுக்கு முந்திக்கொண்டு குழந்தை ஓடிவந்து, "மாமா, துப்பாக்கிக்கு எத்தனை மார்க்?" என்று கேட்டது.

"நூற்றுக்குத் தொண்ணூறு, அம்மா."

"அப்பாவுக்கு?"

மாப்பிள்ளையே பதில் சொன்னார்: "அப்பா இந்த வருஷம் பெயில்!"

என் தங்கை வெகு நாளைக்குப் பிறகு வாய்விட்டுச் சிரித்தாள்.